ஒளிக்கு உண்மையாய் இருந்தவர்

கட்டடம் எழுந்து நின்றபின் கொத்தனாரின் பெயரை யாரும் கேட்பதில்லை. கட்டுவித்தவரின் பெயரே கல்வெட்டில் பொறிக்கப்படுகிறது. திரைப்படக் கலையிலும் இதுவே வழக்கு. நடிகரின் பெயர் சுவரொட்டியில் நிற்கிறது. இயக்குநரின் பெயர் வரலாற்றில் நிற்கிறது. நாம் இரண்டரை மணி நேரம் எவருடைய கண்கொண்டு அப்படத்தைப் பார்த்தோமோ, அந்த ஒளிப்பதிவாளரின் பெயர், பார்வையாளர் இருக்கை தேடும் இருட்டிலேயே தோன்றி மறைந்துவிடுகிறது. அப்படி மறைந்துபோன பெயர்களுள் ஒன்றை இம்மலரின் வாயிலாக நம் மாணவர்க்கு நினைவூட்ட விழைகிறோம். அப்பெயர் சுப்ரதா மித்ரா.

தமிழ்த்துறை மலரில் வங்காளத்து ஒளிப்பதிவாளர் ஒருவரைப் பற்றிய கட்டுரை எதற்கு என்று பெரியோர் சிலர் வினவக்கூடும். திரைப்படம் என்றாலே இளைஞரின் பொழுதை வீணாக்குவது என்னும் கருத்து நம்மிடையே வேரூன்றியுள்ளது. அக்கருத்துக்குக் காரணமான படங்கள் பல உண்டு என்பதை நாம் மறுக்கவில்லை. ஆனால் ஒரு கலையை அதன் கழிவுகளைக் கொண்டு அளப்பது முறையன்று. கவிதை என்னும் பெயரில் எத்தனையோ வெற்றுச் சொற்கோவைகள் அச்சேறுகின்றன. அதனால் கவிதையை எவரும் பாடத்திட்டத்திலிருந்து நீக்கிவிடவில்லை. சிறந்தது எது என்று காட்டிப் பழக்குவதே ஆசிரியர் கடமை. அவ்வாறு காட்டத் தக்க வாழ்க்கைகளுள் சுப்ரதா மித்ராவினுடையதும் ஒன்று. உள்ளதை உள்ளபடி காட்டுவதற்கு ஒருவர் எவ்வளவு உழைக்க வேண்டும், அவ்வுழைப்புக்கு எத்தகைய விலையைக் கொடுக்க வேண்டும் என்பதே அவ்வாழ்க்கை நமக்குச் சொல்லும் செய்தி எனக் கருதுகிறோம்.

படப்பிடிப்புத் தளமே பள்ளிக்கூடம்

சுப்ரதா மித்ரா 1930-ஆம் ஆண்டு அக்டோபர் 12-ஆம் நாள் பிறந்தார். பள்ளிப் பருவத்திலேயே ஆங்கிலப் படங்களைத் தேடித் தேடிப் பார்த்தார். கை கிரீன் என்னும் ஆங்கிலேய ஒளிப்பதிவாளரின் படங்களும், ராபர்ட் கிராஸ்கர் ஒளிப்பதிவு செய்த 'தி தேர்ட் மேன்' என்னும் படமும் அவர் மனத்தில் ஆழப் பதிந்தன. கட்டடக் கலைஞராவது, இல்லையேல் ஒளிப்பதிவாளராவது என்பதே கல்லூரி நாளில் அவர் கொண்ட உறுதி. கேமரா உதவியாளராகச் சேர அவர் முயன்றபோது வேலை கிடைக்கவில்லை. ஆகவே அறிவியல் பட்டப்படிப்பைத் தொடர்ந்தார்.

அவ்வேளையில் பிரெஞ்சு இயக்குநர் ழான் ரெனுவார் 'தி ரிவர்' என்னும் படத்தை எடுப்பதற்காகக் கல்கத்தாவுக்கு வந்தார். ஒளிப்பதிவாளர் அவருடைய உடன்பிறந்தார் மகனான கிளாட் ரெனுவார். அப்படத்தில் சேர்ந்துவிட வேண்டும் என்று முயன்ற மித்ராவுக்கு ஊதியமுள்ள பணி எதுவும் கிடைக்கவில்லை. அருகில் நின்று பார்ப்பதற்கான அனுமதி மட்டுமே கிடைத்தது. வேறொரு மாணவராயின், 'வெறுமனே நின்று பார்ப்பதில் என்ன பயன்?' என்று திரும்பியிருப்பார். மித்ரா ஒரு குறிப்பேட்டை எடுத்துக்கொண்டார். எந்த விளக்கு எங்கே வைக்கப்பட்டது, நடிகர் எங்கிருந்து எங்கே நடந்தார், கேமரா எங்கே நின்றது என்பனவற்றையெல்லாம் படம் வரைந்து பதிவு செய்தார். பின்னர் முன்காட்சியின் ஒளியமைப்பைச் சரிபார்க்க வேண்டிய தேவை எழுந்தபோது, கிளாட் ரெனுவாரே இவ்விளைஞரின் குறிப்பேட்டைக் கேட்டு வாங்கிப் பார்த்தார் என்பர். பார்வையாளராக வந்தவர் பயனுள்ளவராக மாறிவிட்டார்!

அதே தளத்திற்கு ஓய்வு நாள்களில் வந்துபோனவர் சத்யஜித் ராய். அப்போது அவர் விளம்பர நிறுவனம் ஒன்றில் ஓவியர். தாம் அன்றாடம் கண்டவற்றை மித்ரா ராயிடம் விரித்துரைப்பார். கலை அமைப்பில் உதவியாளராக அங்குப் பணியாற்றிய பன்சி சந்திரகுப்தாவும் இவர்களுக்கு நண்பரானார். இந்திய சினிமாவின் போக்கை மாற்றிய மூவர் கூட்டணி, எந்தப் பயிற்சி நிறுவனத்திலும் உருவாகவில்லை. பிறர் வேலை செய்வதை ஊன்றிப் பார்த்த கண்களால் உருவானது. வகுப்பறையில் அமர்ந்திருப்பதற்கும் கற்பதற்கும் உள்ள வேறுபாட்டை நம் மாணவர்கள் இங்கே எண்ணிப் பார்த்தல் நலம்.

கையில் இல்லாதது அனுபவம் மட்டுமன்று

விபூதிபூஷண் பந்தோபாத்யாயாவின் 'பதேர் பாஞ்சாலி' நாவலைப் படமாக்க ராய் முனைந்தபோது, ஒளிப்பதிவுக்கு மித்ராவைத் தேர்ந்தார். அதுவரை மித்ரா திரைப்படக் கேமராவை இயக்கியதே இல்லை. 1952 அக்டோபர் 27 அன்று, நாணற் பூக்கள் வெள்ளைக் கடல்போல் பூத்திருந்த வெளியில் முதல் காட்சி எடுக்கப்பட்டபோது அவருக்கு வயது இருபத்திரண்டு. அடுத்த முறை படக்குழு அங்குச் சென்றபோது மாடுகள் அப்பூக்களை மேய்ந்துவிட்டிருந்தன. அக்காட்சியை முடிக்க மறு ஆண்டின் பூப்பருவம் வரை காத்திருக்க நேர்ந்தது.

அனுபவம் மட்டுமா இல்லை? பணமும் இல்லை. ராய் தம் காப்புறுதிப் பத்திரத்தையும் புத்தகங்களையும் இழந்தார். மனைவியின் நகைகள் அடகுக்குப் போயின. பணம் தீர்ந்ததும் படப்பிடிப்பு மாதக்கணக்கில் நின்றது. இறுதியில் மேற்கு வங்க அரசு பணம் தந்து படத்தை நிறைவு செய்தது. பெரிய ஸ்டூடியோக்களின் முதலீடும் நட்சத்திரங்களின் தேதியும் இன்றி இவ்வாறு உருவாகும் படங்களையே நாம் சுயாதீனத் திரைப்படம் என்கிறோம். சுதந்திரம் என்னும் அச்சொல்லுக்குள் வறுமையும் அடங்கியிருக்கிறது என்பதை மறத்தலாகாது.

ஆயினும் அவ்வறுமை திரையில் குறையாகத் தெரியவில்லை. கல்கத்தாவை அடுத்த போரால் என்னும் சிற்றூரின் இடிந்த வீட்டில், பகற்காட்சிகள் பெரிதும் இயற்கை ஒளியிலேயே படமாயின. கிழவி இந்திரின் சுருங்கிய தோலில் விழும் மர நிழல், குளத்து நீரில் முதல் மழைத்துளி விழுந்து வட்டமிடுவது, நாணற் காட்டுக்கு அப்பால் கரும்புகை கக்கிக்கொண்டு இரயில் செல்வது ஆகியவற்றைக் கண்டவர்கள், வங்கத்துச் சிற்றூர் ஒன்றில் தாமே சில காலம் வாழ்ந்ததாக உணர்கின்றனர். 1955-இல் வெளிவந்த அப்படம் 1956-இல் கான் திரைப்பட விழாவில் சிறந்த மனித ஆவணம் என்னும் சிறப்பு விருதைப் பெற்றது. 'ஆடத் தெரியாதவள் கூடம் கோணல் என்றாளாம்' என்பது நம் பழமொழி. கூடம் உண்மையிலேயே கோணலாக இருந்தபோதும் ஆடிக் காட்டியவர்கள் இவர்கள்.

வெள்ளைத் துணியில் ஒரு வானம்

மித்ராவின் பெயர் ஒளிப்பதிவு வரலாற்றில் நிலைபெறக் காரணமானது அடுத்த படமாகிய 'அபராஜிதோ'. இதன் முற்பகுதி காசி நகரில் நிகழ்கிறது. அங்குள்ள பழைய வீடுகளின் நடுவே வானம் பார்த்த முற்றம் இருக்கும். சுற்றிலும் உயர்ந்த சுவர்கள் நிற்பதால் கதிரவனின் நேரொளி உள்ளே இறங்குவது அரிது. வானத்தின் வெளிச்சம் மட்டுமே மேலிருந்து கசிந்து பரவும். அவ்வொளிக்குத் திசையும் இல்லை, கூர்மையான நிழலும் இல்லை. முற்றம் வைத்த வீடுகளில் வாழ்ந்த நம்மவர்க்கு இவ்வொளியை விளக்க வேண்டுவதில்லை. பிற்பகலில் தூணோரம் அமர்ந்து பாட்டி அரிசி பொறுக்குகையில், அவர் முகத்தில் படிந்திருக்கும் வெளிச்சம் அதுதான்.

இவ்வீட்டைக் கல்கத்தாவில் திறந்த வெளியில் அமைப்பதென்று முதலில் எண்ணினர். மழைக்காலத்தை அஞ்சிய பன்சி சந்திரகுப்தா, ஸ்டூடியோவுக்குள்ளேயே அதைக் கட்ட நேர்ந்தது. மித்ரா ஒப்பவில்லை. வானத்தின் நிழலற்ற ஒளியைக் கூரைக்குக் கீழே உண்டாக்க இயலாது என்று அவர் ராயிடமும் சந்திரகுப்தாவிடமும் வாதாடினார். வாதம் தோற்றது, அரங்கம் எழுந்தது. இனி இருந்த வழிகள் இரண்டே. வழக்கமான ஸ்டூடியோ விளக்குகளை ஏற்றிவிட்டு, 'நான் முன்பே சொன்னேன்' என்று ஒதுங்கிக்கொள்ளலாம். அல்லது இயலாது என்று தாமே சொன்னதை இயலச் செய்யலாம்.

மித்ரா இரண்டாம் வழியை மேற்கொண்டார். அரங்கத்தின் முற்றத்துக்கு மேலே சட்டமிட்டு வெள்ளைத் துணியை விரித்துக் கட்டினார். விளக்குகளை நடிகர் மேல் நேராகப் பாய்ச்சாமல், கீழிருந்து அத்துணியை நோக்கித் திருப்பினார். துணியில் பட்ட ஒளி சிதறி, மென்மையாகி, வானிலிருந்து இறங்குவதுபோல் முற்றம் முழுவதும் பரவியது. இதன் பின்னுள்ள அறிவியல் எளியது. ஒளி தோன்றும் இடம் சிறிதாயின் நிழல் கூர்மையாகும். ஒளி தோன்றும் பரப்பு விரிந்தால் நிழல் கரைந்துபோகும். விளக்கு என்பது சிறு புள்ளி. துணியோ ஒரு சிறு வானம்.

அக்காலத்து வழக்கத்தோடு ஒப்பிட்டால்தான் இதன் அருமை புலப்படும். அன்றைய ஸ்டூடியோக்களில் பரண் மேல் வரிசையாக விளக்குகள் அமைந்திருக்கும். அவற்றின் நேரொளியில் நடிகரின் முகம் பளபளக்கும். பின்சுவரில் ஒரே ஆளுக்கு இரண்டு மூன்று நிழல்கள் விழும். ஏழையின் குடிசையும் செல்வரின் மாளிகையும், காலையும் மாலையும் ஒரே வெளிச்சத்தில் மூழ்கியிருக்கும். பார்வையாளரும் அதைக் கேள்வியின்றி ஏற்றுப் பழகியிருந்தனர். யாரும் குறை சொல்லாத பொய்யை ஒருவர் மட்டும் பொய்யென்று கண்டு, அதைத் திருத்த ஒரு துணியைக் கட்டினார். 'அபராஜிதோ' 1956-இல் வெளிவந்தது. 1957-இல் வெனிஸ் திரைப்பட விழாவின் உயர் விருதாகிய தங்கச் சிங்கத்தைப் பெற்றது. அரங்கில் எடுத்த காட்சிகள் எவை, காசியில் எடுத்தவை எவை என்று பிரித்தறிய இயலாதபடி அவை ஒன்றியிருந்தன.

சில ஆண்டுகள் கழித்து, சுவீடன் நாட்டின் புகழ்மிக்க ஒளிப்பதிவாளர் ஸ்வென் நிக்விஸ்ட், இங்மார் பெர்க்மனின் 1961-ஆம் ஆண்டுப் படம் ஒன்றில் இத்தகைய மெல்லொளியைக் கையாண்டமை ஒரு புதுமையாகப் பேசப்பட்டது. தம் குழுவினர் அதற்குப் பல ஆண்டுகள் முன்னரே அம்முறையைக் கையாண்டு வந்ததை ராய் எழுத்தில் பதிவு செய்துள்ளார். யார் முந்தியவர் என்னும் வழக்கை நாம் இங்கே நடத்த வரவில்லை. வடபுலத்துக் குளிர் நாட்டிலும் வங்கத்து மழை நாட்டிலும் இருவர், தத்தம் வீட்டு ஒளிக்கு உண்மையாய் இருக்க விரும்பி ஒரே முடிவை எட்டினர் என்பதே நமக்கு மகிழ்ச்சி தருவது. ஆனால் ஒருவர் செய்தது உலகறியவும், மற்றவர் செய்தது அடிக்குறிப்பாகவும் நின்றுவிட்டமை சிந்தனைக்குரியது.

ஒவ்வொரு கதைக்கும் ஓர் ஒளி

தாம் கண்டுபிடித்த உத்தியை எல்லா இடத்தும் பூசி மெழுகுபவர் கலைஞராகார். மித்ராவின் பாணி யாது என்று கேட்டால், கதைக்கும் இடத்துக்கும் ஏற்ற ஒளியைத் தேடுவதே அவர் பாணி என்று விடை கூறலாம்.

1958-இல் வந்த 'ஜல்சாகர்' வீழ்ந்துபட்ட ஜமீன்தார் ஒருவரின் கதை. நிம்திதா அரண்மனையின் வெறிச்சோடிய மாடமும், ஸ்டூடியோவில் அமைத்த இசைக்கூடமும் அதில் கலந்துவருகின்றன. சரவிளக்கின் சுடர்கள் ஒவ்வொன்றாக அணைகையில் ஒரு குலத்தின் பெருமையே அணைவதை நாம் காண்கிறோம். 1962-இல் வந்த 'காஞ்சன்ஜங்கா' ராயின் முதல் வண்ணப்படம். டார்ஜிலிங் மலையில் வெயிலும் மூடுபனியும் மாறி மாறி வருவதையே கதையின் போக்குக்குத் துணையாக்கினர். வெயில் வரும்வரை எல்லாரும் காத்திருக்கும் இடத்தில், பனிக்கும் ஒரு காட்சியை வைத்திருந்தனர் இவர்கள். 1963-இல் வந்த 'மகாநகர்' கல்கத்தாவின் நடுத்தரக் குடும்பமொன்றின் நெருக்கடியான வீட்டில் நிகழ்வது. அவ்வீட்டின் இடநெருக்கடி வசனத்தால் அன்று, கேமரா நகர இடமின்றி நிற்பதாலேயே நமக்கு உணர்த்தப்படுகிறது.

1964-இல் வெளிவந்த 'சாருலதா'வைப் பலரும் மித்ராவின் சிகரமாகக் கருதுவர். பத்தொன்பதாம் நூற்றாண்டுச் செல்வர் வீடு அதன் களம். தனிமையில் வாடும் இளம் மனைவி, சாளரம் சாளரமாக நகர்ந்து, கையிலுள்ள சிறு தொலைநோக்கியால் தெருவைப் பார்க்கும் தொடக்கக் காட்சியில் பேச்சே இல்லை. சாளரப் பலகைகளின் வழியே வரும் பகலொளியே பேசுகிறது. இப்படத்துக்காக, சாதாரண வீட்டு பல்புகளை மரப்பெட்டிக்குள் வரிசையாகப் பொருத்தி, முகப்பில் மெல்லிய தாள் ஒட்டி, மென்மையான ஒளி தரும் விளக்கை மித்ரா தாமே செய்துகொண்டார். விலையுயர்ந்த கருவிகள் இல்லாமையைப் புலம்புவோர்க்கு அம்மரப்பெட்டி ஒன்றே போதிய மறுமொழி. அதே படத்தின் ஊஞ்சற் காட்சியில் கேமரா ஊஞ்சலோடு சேர்ந்தே ஆடுகிறது. அவள் முகம் திரையில் நிலைத்து நிற்க, உலகம் பின்னால் அசைகிறது. அவள் மனம் அசையத் தொடங்கிவிட்டது என்பதை இதைவிடத் தெளிவாக எந்த வசனமும் கூறிவிட முடியாது.

1966-இல் வந்த 'நாயக்' பெரும்பாலும் ஓடும் இரயில் பெட்டிக்குள் நிகழ்வது. பெட்டியோ ஸ்டூடியோவில் கட்டப்பட்டது. ஓடாத இரயிலை ஓடவைத்ததில், சாளரத்தின் வழியே வரும் ஒளியின் பங்கு பெரிது.

பிரிவும் தனிவழியும்

ராயுடன் மித்ரா பணியாற்றிய படங்கள் பத்து. 'நாயக்' அவற்றுள் இறுதியானது. இடையில் கண் நோயால் மித்ரா விலகியிருந்தபோது, அவரிடம் பயின்ற சௌமேந்து ராய் 1961-ஆம் ஆண்டின் 'தீன் கன்யா'வுக்கு ஒளிப்பதிவு செய்தார். 'சாருலதா'வின்போது கேமராவை இயக்கும் பணியை ராய் தாமே மேற்கொள்ளத் தொடங்கினார். பிரிவின் காரணங்களைப் பலர் பலவாறு கூறுவர். அதில் தீர்ப்பு வழங்குவது நம் வேலையன்று. ஆயினும் ஒன்றைக் கூறலாம். இரு பெருங் கண்கள் ஒரே துளையின் வழியே உலகை நோக்க முயலும்போது, ஒன்று விலகத்தான் வேண்டியிருக்கும்.

ராயின் குழுவுக்கு வெளியேயும் மித்ரா பயணம் செய்தார். ஜேம்ஸ் ஐவரி இயக்க, இஸ்மாயில் மெர்ச்சன்ட் தயாரித்த 'தி ஹவுஸ்ஹோல்டர்' (1963), 'ஷேக்ஸ்பியர் வாலா' (1965), 'தி குரு' (1969), 'பாம்பே டாக்கி' (1970) ஆகிய நான்கு படங்களுக்கு ஒளிப்பதிவு செய்தார். பாடலாசிரியர் சைலேந்திரா தயாரிக்க, பாசு பட்டாச்சார்யா இயக்கிய 'தீஸ்ரி கசம்' 1966-இல் வெளிவந்தது. ராஜ் கபூரும் வஹீதா ரஹ்மானும் நடித்த அந்த இந்திப் படத்தில், மாட்டு வண்டிப் பயணத்தின் புழுதியும் நாட்டுப்புறத்து வெயிலும் உண்மையின் மணத்தோடு பதிவாயின. வணிகத்தில் தோற்ற அப்படமே அவ்வாண்டின் சிறந்த படத்துக்கான தேசிய விருதைப் பெற்றது.

ஒளிப்பதிவுக்கென்று தனியே தேசிய விருது வழங்கும் வழக்கம், 1967-ஆம் ஆண்டுப் படங்கள் தொடங்கியே ஏற்பட்டது. ஆகவே 'பதேர் பாஞ்சாலி' முதல் 'நாயக்' வரை மித்ரா செய்த பணி எதுவும் அவ்விருதின் எல்லைக்குள் வரவில்லை. நெடுங்காலம் கழித்து, ரமேஷ் சர்மா இயக்கி 1986-இல் வந்த 'நியூ டெல்லி டைம்ஸ்' படமே அவருக்கு அதைத் தந்தது. இறுதிக் காலத்தில், கல்கத்தாவிலுள்ள சத்யஜித் ராய் திரைப்பட, தொலைக்காட்சிப் பயிற்சி நிறுவனத்தில் 1997 முதல் மாணவர்க்குக் கற்பித்தார். 2001 டிசம்பரில் மறைந்தார்.

மெதுவாகச் செய்பவர்க்கு இடமுண்டா?

இவ்வளவு ஆற்றல் படைத்தவர் ஏன் இவ்வளவு குறைந்த படங்களையே விட்டுச் சென்றார்? இதுவே நம்மை உறுத்தும் வினா. அவர் காலத்து ஒளிப்பதிவாளர் சிலர் ஆண்டுக்கு மூன்று நான்கு படங்கள் செய்தனர். மித்ராவோ நினைத்த ஒளி கிடைக்கும்வரை அசையமாட்டார். தயாரிப்பாளர்க்கு நேரம் என்பது பணம். ஆகவே அத்தகையவரைப் 'பிடிவாதக்காரர்' என்று திரையுலகம் ஒதுக்கிவிடுவது எளிது.

தயாரிப்பாளர் பக்கத்து நியாயத்தையும் நாம் புறக்கணிக்கலாகாது. திரைப்படம் ஒருவர் தம் அறையில் அமர்ந்து எழுதும் கவிதையன்று. நூறு பேரின் அன்றாடக் கூலி அதில் அடங்கியுள்ளது. ஒருவருடைய நிறைவுக்காக மற்றவரெல்லாம் வெயிலில் காத்திருப்பது எவ்வளவு காலம் ஏலும்? இவ்வினா நேர்மையானது. ஆனால் அதற்கான விடை, எழுபது ஆண்டுகள் கழித்தும் எந்தப் படங்கள் பார்க்கப்படுகின்றன என்பதில் இருக்கிறது. அன்று விரைந்து முடிந்தவற்றுள் பலவற்றின் பெயர்கூட இன்று நமக்குத் தெரியாது. மித்ரா காத்திருந்து எடுத்த ஒளி இன்னும் உலகெங்கும் திரையில் விழுந்துகொண்டிருக்கிறது. விரைவு சிக்கனம் போலத் தோன்றினும், பயனற்றதை விரைந்து செய்வதே பெருஞ்செலவு.

1993-இல் இலண்டன் நகரத்துப் படச்சுருள் கூடமொன்றில் தீப்பற்றியது. அபு வரிசைப் படங்கள் மூன்றின் மூல நெகட்டிவ்களும் அத்தீயில் கருகின. கருகியவற்றையும் குப்பையில் எறியாமல் அமெரிக்கத் திரைப்பட அகாதமி பாதுகாத்து வைத்தது. பல்லாண்டுகள் கழித்து, இத்தாலியின் போலோஞ்ஞா நகர வல்லுநர்கள் உடைந்தும் ஒட்டியும் கிடந்த அச்சுருள்களைப் பதப்படுத்தி, துண்டு துண்டாக ஒட்டிச் சீர் செய்தனர். 'பதேர் பாஞ்சாலி'யில் ஏறத்தாழ 40 விழுக்காடும், 'அபராஜிதோ'வில் 60 விழுக்காட்டுக்கு மேலும் மூல நெகட்டிவிலிருந்தே மீட்கப்பட்டன. எஞ்சிய பகுதிகளுக்கும், மூன்றாவதான 'அபுர் சன்சார்' முழுமைக்கும் பிற பிரதிகளே துணையாயின. 2015-இல் அவை புத்தொளியுடன் மீண்டும் திரைக்கு வந்தன. தீயில் எரிந்ததை அறிந்த மித்ரா, மீண்டதைக் காண இருக்கவில்லை. ஒருவர் பொறுமையோடு செய்த வேலையைக் காக்க, கடல் கடந்த நாட்டினர் அதே பொறுமையைக் காட்டினர். அவசரமாகச் செய்த படத்துக்காக எவரேனும் கருகிய சுருளை ஒட்டிக்கொண்டிருப்பாரா?

நம் மாணவர்க்கு

இன்று கேமரா இல்லாத சட்டைப்பையே இல்லை. நாம் எடுக்கும் படங்களின் தொகையை எண்ணி மாளாது. வெளிச்சம் போதாவிடில் கைப்பேசியே கூட்டிக்கொள்கிறது. முகத்திலுள்ள தழும்பைத் தானே அழித்துவிடுகிறது. மாலையைக் காலையாக்கவும் அதற்குத் தெரியும். கருவி இவ்வளவு வளர்ந்தபின் ஒளியைக் கவனிப்பானேன் என்று இளைஞர் கேட்கலாம். கருவி வளர்ந்ததனாலேயே கவனிக்க வேண்டும் என்பது எம் கருத்து. பொய்யான வெளிச்சத்தில் எல்லா வீடும் ஒன்றுபோல் தோன்றும். எல்லா முகமும் ஒன்றுபோல் தோன்றும். நம் தெருவின் மாலைக்கும் மற்றோர் ஊரின் மாலைக்கும் உள்ள வேற்றுமை அழிந்தால், நம் தெருவை நாம் பார்த்ததாகவே ஆகாது. மொழிக்கும் இது பொருந்தும். எடுத்தாண்ட சொற்களால் எழுதுபவரும் பரண் விளக்கின்கீழ் நிற்பவரே. தம் ஊரின் ஒளிக்கேற்ற சொல்லைத் தேடுபவர்தாம் எழுத்தாளர்.

ஆகவே இரண்டு வேண்டுகோளை இங்கு முன்வைக்கிறோம். முதலாவது ஆசிரியப் பெருமக்களுக்கு. இலக்கிய வகுப்போடு ஆண்டுக்கு ஒரு நல்ல படத்தையேனும் மாணவர்க்குத் திரையிட்டு, அதன் ஒளியையும் நிழலையும் பற்றிக் கலந்துரையாட வகை செய்ய வேண்டுகிறோம். 'அபராஜிதோ'விலிருந்தே தொடங்கலாம். ஒரு வேலையை மற்றவரைவிட மெதுவாகச் செய்யும் மாணவனைச் சோம்பேறி என்று முடிவு கட்டுமுன், அவன் எதைத் தேடிக்கொண்டிருக்கிறான் என்று ஒருமுறை கேட்டறியவும் வேண்டுகிறோம்.

இரண்டாவது மாணவச் செல்வங்களுக்கு. ஒரு நாள் கைப்பேசியை எடுத்து வைத்துவிட்டு, ஒரு குறிப்பேட்டோடு உங்கள் வீட்டுக் கூடத்தில் அமருங்கள். விடியல் முதல் விளக்கேற்றும் வரை வெளிச்சம் எந்த வழியாக வருகிறது, யார் முகத்தில் விழுகிறது, எப்போது எந்தச் சுவரை விட்டு விலகுகிறது என்று எழுதுங்கள். ஊதியமின்றி நின்று பார்த்த இளைஞர் ஒருவர் கற்ற கல்வி அதுதான். அதற்குக் கட்டணம் இல்லை. நுழைவுத் தேர்வும் இல்லை. பொறுமை ஒன்றே தகுதி.